எழுபது பைசா வட்டி எப்படி இரண்டு மடங்கு ஆகிறது? – வீட்டுக் கடன் கேள்வி பதில்

வீட்டுக் கடன் பற்றி வந்த கடிதங்களை மொத்தமாக எடுத்துக்கொண்டிருக்கிறேன். ஆளாளுக்கு ஒரு தொகை, ஒரு வட்டி என்று எழுதியிருப்பதால் ஒப்பிட வசதியாக எல்லாவற்றுக்கும் ஒரே கணக்கு: 40 லட்சம் ரூபாய், 8.5 சதவீதம், 20 ஆண்டு. மாதத் தவணை 34,713 ரூபாய். வேறு கணக்கு வரும் இடத்தில் அங்கேயே சொல்லிவிடுகிறேன்.

கேள்வி: எங்கள் ஊரில் கைமாத்துக்கே இரண்டு ரூபாய் வட்டி. பேங்கில் 8.5 சதவீதம் என்றால் மாதம் எழுபது பைசாதான் வருகிறது. ஆனால் 40 லட்சம் வாங்கினால் 83 லட்சம் கட்ட வேண்டும் என்று மருமகன் போனில் கணக்குப் போட்டுக் காட்டுகிறார். பேங்க் ஏமாற்றுகிறதா?
– வாசகர், திருப்பூர்

மருமகன் கணக்கு சரி, நீங்கள் சொல்லும் எழுபது பைசாவும் சரி. பேங்க் ஏமாற்றவில்லை ஐயா. எழுபது பைசாவை 240 மாதத்தால் பெருக்கிப் பாருங்கள். நூறு ரூபாய்க்கு ஏறக்குறைய 170 ரூபாய் வருகிறது. அசலில் கை வைக்காமல் வட்டியை மட்டும் கட்டிக்கொண்டே போனால் அவ்வளவு ஆகும். நீங்கள் மாதாமாதம் அசலிலும் கொஞ்சம் கழிப்பதால் அது நூற்றுக்கு 108 ரூபாயில் நிற்கிறது. 40 லட்சத்துக்கு வட்டி 43 லட்சத்து 31 ஆயிரம்.

இதில் நம் ஆட்கள் கவனிக்காமல் விடுவது முதல் சில வருஷங்களைத்தான். முதல் தவணையை எடுத்துக்கொள்ளுங்கள். 34,713 கட்டுகிறீர்கள், அதில் 28,333 வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 6,380. முதல் வருஷம் முழுக்கச் சேர்த்து நாலு லட்சத்துப் பதினாறாயிரம் கட்டியபிறகு ஸ்டேட்மெண்டைப் பிரித்தால் அசல் குறைந்திருப்பது 80,000-க்கும் கொஞ்சம் கம்மி. ஐந்து வருஷம் கழித்து, கையை விட்டு 20 லட்சத்து 83 ஆயிரம் போன பிறகும், மீதி அசல் 35 லட்சத்து 25 ஆயிரம் இருக்கும். அசலில் பாதி கழிய ஏறக்குறைய 13 வருஷம் 10 மாதம் ஆகும். பாதிக் கடன் கழிவதற்கு மூன்றில் இரண்டு பங்கு காலம்கூடப் போதவில்லை என்றால் ஐந்தாம் வருஷத்தில் வீட்டை விற்க நினைப்பவர் நிலைமையை யோசித்துக்கொள்ளுங்கள்.

இரண்டு ரூபாய் வட்டிக்கு வாங்கியவர் பயந்துகொண்டு ஒரு வருஷத்தில் அடைத்துவிடுகிறார். எழுபது பைசாவுக்கு வாங்கியவர் நிம்மதியாக இருபது வருஷம் வைத்திருக்கிறார். மொத்தத்தில் அதிகம் கட்டுவது இரண்டாமவர்தான். அதற்காகக் கந்துவட்டிப் பக்கம் போய்விடாதீர்கள், நான் சொல்வது காலத்தைப் பற்றி.

கேள்வி: 30 வருஷம் போட்டுக்கொண்டால் தவணை குறையும் என்கிறார் பேங்க் ஆள். எனக்கு வயது 29, கணவருக்கு 31. வாங்கலாமா?
– வாசகி, தாம்பரம்

குறையும், 3,956 ரூபாய் குறையும். 34,713-க்குப் பதில் 30,757. அந்த நாலாயிரத்துக்காகப் பத்து வருஷம் கூடுதலாகக் கட்டி, வட்டி 43 லட்சத்திலிருந்து 70 லட்சத்து 72 ஆயிரத்துக்குப் போகிறது. 27 லட்சத்துக்கு மேல் வித்தியாசம். அதே கடனை 15 வருஷத்தில் முடித்தால் தவணை 39,390, வட்டி 31 லட்சத்துக்குள் முடிந்துவிடும்.

ஆனாலும் 30 வருஷம் வேண்டாம் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்ல மாட்டேன் சகோதரி. இருவரில் ஒருவர் வேலையை விட வேண்டி வரலாம், குழந்தை வரலாம். தவணை கைக்கடக்கமாக இருப்பது ஒரு பாதுகாப்பு. 30 வருஷத்துக்கு எழுதிக்கொண்டு, முடிகிற மாதங்களில் கூடுதலாகக் கட்டி 18 அல்லது 20 வருஷத்தில் முடிப்பது நல்ல வழிதான். அதற்குக் கட்டுப்பாடு வேண்டும். இருக்கிறதா என்று உங்களுக்குத்தான் தெரியும். இல்லையென்றால் 20-லேயே போட்டுவிடுங்கள், தவணை கணக்கிலிருந்து தானாகப் பிடித்தம் ஆகும்போது யாருக்கும் கட்டுப்பாடு வந்துவிடும்.

கேள்வி: 2021-ல் 7 சதவீதத்துக்குக் கடன் வாங்கினேன், 20 வருஷம். நாலு வருஷத்துக்கு மேல் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியிருக்கிறேன், தவணைத் தொகையும் மாறவே இல்லை. சமீபத்தில் ஸ்டேட்மெண்ட் எடுத்தால் கடன் முடியும் தேதி நான் ரிட்டயர் ஆவதற்கு ரொம்பப் பின்னால் காட்டுகிறது. இது எப்படி நடந்தது?
– ஆசிரியர், மதுரை

சார், தவணை மாறவில்லை என்பதுதான் உங்கள் பிரச்சினையே. 

2019 அக்டோபர் 1-க்குப் பிறகு வங்கிகள் மாறும் வட்டியில் கொடுக்கும் வீட்டுக் கடன் வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டிருக்க வேண்டும், பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி. நீங்கள் வாங்கியபோது ரெப்போ 4 சதவீதம். 2022 மே மாதம் ஏற ஆரம்பித்து 2023 பிப்ரவரியில் 6.5-ல் போய் நின்றது. உங்கள் 7 சதவீதம் 9.5 ஆனது. அப்போது வங்கிகளில் பல தவணையைத் தொடாமல் மாதங்களை நீட்டின, நமக்கும் உடனே வலிக்கவில்லை.

எவ்வளவு நீண்டிருக்கும் என்று பாருங்கள். உங்கள் கடன் தொகை தெரியவில்லை, 40 லட்சம் என்றே வைக்கிறேன். 7 சதவீதத்தில் தவணை 31,012. 20 மாதம் கட்டிய பிறகு மீதி அசல் 38 லட்சத்து 38 ஆயிரம். அந்த நிலையில் வட்டி ஒரேயடியாக 9.5 ஆனதாக வைத்துக்கொண்டால் மாத வட்டி மட்டும் 30,381. நீங்கள் கட்டும் 31,012-ல் அசலுக்கு மிஞ்சுவது 631 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 41 வருஷம் ஆகும். நிஜத்தில் வட்டி படிப்படியாகத்தான் ஏறியது, வங்கியும் வயது வரம்பு பார்த்து ஓர் இடத்தில் தவணையை ஏற்றியிருக்கும், ஆகவே உங்கள் தேதி இவ்வளவு தள்ளிப் போயிருக்காது. பழைய காலத்துக்குள்ளேயே முடிக்க வேண்டுமென்றால் அன்றைக்கே தவணை 36,890 ஆகியிருக்க வேண்டும்.

இப்படி நிறையப் பேருக்கு நடந்த பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். வங்கியின் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறும் வழியும் தர வேண்டும் என்றிருந்தது, 2025 அக்டோபரிலிருந்து அது வங்கியின் விருப்பம். மாத வட்டியைக்கூடத் தவணை ஈடுகட்டாமல் அசல் ஏறும் நிலைமை வரக்கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு போனது, இன்னும் எத்தனை தவணை என்ற விவரமும் கிடைக்க வேண்டும். பலருக்கு அது மெயிலில் வந்து பிரிக்காமலே கிடக்கிறது.

இன்னொரு பக்கமும் உண்டு. 2025 பிப்ரவரியிலிருந்து ரெப்போ இறங்க ஆரம்பித்து டிசம்பரில் 5.25-க்கு வந்துவிட்டது. உங்கள் வட்டி அதற்கேற்ப இறங்கியதா என்று பாருங்கள். இறங்கியிருந்தால் தவணையைக் குறைக்கச் சொல்லாதீர்கள், பழைய தொகையையே கட்டுங்கள். நீண்ட மாதங்கள் தாமாகக் கொஞ்சம் சுருங்கும். அப்புறம் கிளைக்குப் போய், ரிட்டயர் ஆகும் மாதத்துக்குள் முடிய வேண்டுமென்றால் தவணை எவ்வளவு வரும் என்று எழுதி வாங்குங்கள். அந்தத் தொகை உங்கள் சம்பளத்தில் தாங்கும் என்றால் அன்றைக்கே மாற்றிவிடுங்கள். 

கேள்வி: ஆபீசில் 2 லட்சம் போனஸ் வந்திருக்கிறது. கடன் வாங்கி ஒரு வருஷம்தான் ஆகிறது. கட்டிவிடலாமா, டெபாசிட்டில் போடலாமா? வரிச் சலுகை போய்விடும் என்று ஆடிட்டர் நண்பர் பயமுறுத்துகிறார்.
– வாசகர், கோயம்புத்தூர்

கட்டிவிடுங்கள். ஆறு மாதச் செலவுக்குத் தனியாகப் பணம் இருக்கிறது என்ற ஒரே நிபந்தனையோடு.

நம் 40 லட்சக் கணக்கில் முதல் வருஷ முடிவில் 2 லட்சத்தை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், கடன் 26 மாதம் முன்னதாக முடிகிறது. வட்டியில் மிச்சம் 7 லட்சத்துக்கு மேல். அதே 2 லட்சத்தைப் பத்தாவது வருஷ முடிவில் கட்டினால் 13 மாதம்தான் குறையும், மிச்சம் இரண்டரை லட்சம். வட்டி விகிதம் இரண்டு இடத்திலும் ஒன்றுதான், முதலாவதில் அந்தப் பணத்துக்கு வேலை செய்யக் கூடுதலாக ஒன்பது வருஷம் கிடைக்கிறது, அவ்வளவுதான் விஷயம். போனஸ் வராதவர்கள் வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே 20 வருஷக் கடன் 16 வருஷம் 8 மாதத்தில் முடிந்து, எட்டு லட்சத்துக்கு மேல் மிஞ்சும்.

பணம் கட்டும்போது கிளையில் ஒரு வரி எழுதிக் கொடுத்துவிடுங்கள்: 'தவணைத் தொகை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறைக்கவும்.' எழுதிக் கொடுக்காவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள், மிச்சம் பாதிக்கும் கீழே போய்விடும். மாறும் வட்டிக் கடனைத் தனிநபர் முன்கூட்டிக் கட்டினால் அபராதக் கட்டணம் கிடையாது, வங்கிகளுக்கு 2012-லிருந்தே அதுதான் விதி. நிலையான வட்டிக் கடனாக இருந்தால் மட்டும் ஒப்பந்தத்தைப் பார்த்துவிட்டுக் கட்டுங்கள்.

வரிக்கு வருகிறேன். சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக் கழிவு பழைய வரிமுறையில் வருஷத்துக்கு 2 லட்சம் வரைதான். முதல் வருஷம் நீங்கள் கட்டுவதே 3 லட்சத்து 37 ஆயிரம் வட்டி, ஆகவே கொஞ்சம் வட்டி குறைந்தாலும் உங்கள் கழிவு அசையாது. 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு அதிகபட்சம் 62,400 மிச்சம், 20 சதவீதத்தில் 41,600. நீங்கள் புதிய வரிமுறைக்குப் போய்விட்டீர்கள் என்றால் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது, நண்பரின் பயத்துக்கு இடமே இல்லை. வரியில் 30 ரூபாய் மிச்சப்படுத்த 100 ரூபாய் வட்டி கட்டும் யோசனையை எந்த ஆடிட்டர் சொன்னாலும் எனக்கு ஏறுவதில்லை.

கேள்வி: கடனோடு ஒரு லட்ச ரூபாய் பிரீமியத்தில் இன்ஷூரன்ஸ் எடுத்தே ஆக வேண்டும் என்கிறார்கள். அதையும் கடனிலேயே சேர்த்துவிடுவார்களாம், கையிலிருந்து தர வேண்டாமாம்.
– வாசகி, சேலம்

கடனில் சேர்த்தால் அந்த ஒரு லட்சத்துக்கு 20 வருஷத்தில் 2 லட்சத்து 8 ஆயிரம் கட்டுவீர்கள். கடன் வாங்க ஆயுள் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. ஆனால் சம்பாதிப்பவருக்கு ஏதாவது ஆனால் வீடு குடும்பத்துக்கு நிற்க வேண்டும், ஆகவே காப்பீடு வேண்டும்தான். தனியாக ஒரு டேர்ம் பாலிசியின் பிரீமியம் விசாரித்துவிட்டு ஒப்பிடுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடே இருக்கும்.

கேள்வி: 50 லட்சத்துக்கு ஒரு தனி வீடு பார்த்திருக்கிறோம். 40 லட்சம் கடன் கிடைக்கும், கையில் 10 லட்சம் இருக்கிறது. சரியாக இருக்கிறது அல்லவா?
– வாசகர், திருச்சி

இல்லை சார், குறைந்தது ஐந்தாறு லட்சம் இடிக்கும். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு நாலரை லட்சம் அங்கேயே போய்விடும். (2023-ல் பதிவுக் கட்டணம் 4-லிருந்து 2 ஆனபோது மகிழ்ந்தவர்கள் அதே நாளில் வழிகாட்டி மதிப்பு ஏறியதைப் பார்த்துவிட்டு அமைதியாகிவிட்டார்கள்.) 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் வங்கி தரலாம், அந்த மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்க மாட்டார்கள்.

இது போக வங்கியின் பரிசீலனைக் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜி.எஸ்.டி., வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், எம்.ஓ.டி. (பத்திரங்களை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு. பத்திர எழுத்தர், ஆபீஸ் வாசல் செலவு எல்லாம் தனி. கிரகப்பிரவேசத்துக்கு அழைப்பிதழ் அடிப்பதற்குள் கை காலியாகிவிடும்.

அப்போது என்ன செய்கிறோம்? வீட்டில் இருக்கிற நகையை எடுத்துக்கொண்டு போய் அடகு வைக்கிறோம், அல்லது பர்சனல் லோன். அங்கே வட்டி 8.5-ல் நிற்காது. வீட்டுக் கடன் தவணையும் இதுவும் சேர்ந்து முதல் இரண்டு வருஷம் கழுத்தைப் பிடிக்கும், சிலர் நகையைத் திருப்பவே முடியாமல் ஏலத்தில் விட்டிருக்கிறார்கள். வீட்டின் விலையில் மூன்றில் ஒரு பங்கு கையில் சேரும் வரை பொறுத்திருங்கள் என்பேன். அல்லது 30 லட்சம் அளவில் ஒன்று பாருங்கள்.

கடன் உறுதியானால் கையெழுத்துக்கு முன் 'முக்கிய விவரங்கள் அறிக்கை' கேட்டு வாங்குங்கள், கே.எஃப்.எஸ். என்பார்கள். 2024 அக்டோபர் 1 முதல் கட்டாயம், உங்களுக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் விதி, தமிழில் கேட்கலாம். அதில் ஏ.பி.ஆர். என்று ஒரு சதவீதம் இருக்கும். கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட வருஷச் செலவு அது. இரண்டு வங்கியை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணைப் பாருங்கள்.

கேள்வி: கட்டி முடியாத பிளாட். இப்போதைக்கு வட்டி மட்டும் கட்டினால் போதும் என்கிறார்கள்.
– வாசகர், சென்னை

அதுதான் ப்ரீ இ.எம்.ஐ. அதில் ஒரு ரூபாய்கூட அசலில் கழியாது. பில்டர் இழுத்தடித்து, 40 லட்சமும் பட்டுவாடா ஆன நிலையில் இரண்டு வருஷம் போனால் 6 லட்சத்து 80 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், கடன் அதே 40 லட்சம். வாடகையும் கூடவே. முடிந்தால் முதலிலிருந்தே முழுத் தவணை கேளுங்கள். முடியாது என்றால் கட்டி முடித்த பிளாட் பாருங்கள், ஐந்து சதவீத ஜி.எஸ்.டி.யும் மிஞ்சும்.

கேள்வி: அப்பா 'கடன் தலைக்கு மேல் இருக்கக் கூடாது, சீக்கிரம் அடை' என்கிறார். நண்பன் 'பணத்தின் மதிப்பு குறைந்துகொண்டே போகும், அவசரப்படாதே, எஸ்.ஐ.பி. போடு' என்கிறான். யார் சரி?
– வாசகர், நாகர்கோவில்

நண்பன் சொல்வதில் உண்மை இருக்கிறது. விலைவாசி வருஷம் 5 சதவீதம் ஏறினால் இருபதாவது வருஷம் நீங்கள் கட்டும் 34,713 இன்றைய 13,000 ரூபாய் போலத்தான் இருக்கும். ஆகவே 83 லட்சம் என்ற மொத்தத்தைப் பார்த்து நெஞ்சைப் பிடித்துக்கொள்ள வேண்டாம், அதில் பாதி நாளைய ரூபாய். சம்பளமும் அதே வேகத்தில் ஏறினால்தான் இந்த ஆறுதல் பலிக்கும் என்பதை நண்பன் சொல்லாமல் விட்டிருப்பான்.

எஸ்.ஐ.பி., அதாவது மாதாமாதம் மியூச்சுவல் ஃபண்டில் போடும் பணம், நீண்ட காலத்தில் 8.5-க்கு மேல் தரலாம், தராமலும் போகலாம். கடனில் கட்டும் பணம் உங்கள் வட்டி விகிதத்தை நிச்சயமாகத் தருகிறது, அதற்கு வரியும் இல்லை. என் தனிப்பட்ட சாய்வு அப்பா பக்கம்தான். கடனைப் பாதிக்குக் கொண்டுவரும் வரை உபரிப் பணத்தில் பெரும்பகுதி கடனுக்கு, கொஞ்சம் எஸ்.ஐ.பி.க்கு. ராத்திரி தூக்கம் வருகிறது என்றால் நண்பன் வழியிலும் போகலாம், ஆனால் 'முதலீடு செய்கிறேன்' என்று சொல்லிவிட்டு அந்தப் பணத்தில் காரை மாற்றுகிறவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன்.

கேள்வி: இன்னொரு வங்கி அரை சதவீதம் குறைவாகத் தருகிறது. மாற்றலாமா? மீதி 30 லட்சம், 15 வருஷம்.
– வாசகி, வேலூர்

9-லிருந்து 8.5 என்றால் மாதம் 886 ரூபாய், மொத்தம் ஒரு லட்சத்து 59 ஆயிரம் மிச்சம். புதுக் கட்டணங்கள், மறுபடி எம்.ஓ.டி. எல்லாம் போகவும் லாபம்தான். ஆனால் முதலில் அந்த ஆஃபர் கடிதத்தை எடுத்துக்கொண்டு உங்கள் வங்கிக்கே போங்கள். சிறு கட்டணத்தில் அங்கேயே குறைத்துத் தருவார்கள், பல நேரம். புது வங்கியில் மறுபடி 20 வருஷம் போட்டுவிட்டால் மட்டும் லாபம் போச்சு.

கேள்வி: போன மாதம் கடைசித் தவணை கட்டிவிட்டேன். இனி வேறு வேலை எதுவும் இல்லையே?
– ஓய்வு பெற்றவர், தஞ்சாவூர்

வாழ்த்துகள் ஐயா. வேலை இருக்கிறது. பாக்கி இல்லை என்ற சான்று வாங்குங்கள். அசல் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும், அவர்கள் தரப்பில் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்கு இழப்பீடு, 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது. வாங்கும்போது, கடன் எடுத்த நாளில் அவர்கள் கொடுத்த ஆவணப் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள், தாய்ப்பத்திரம் உட்பட.

அப்புறம் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தைப் பதிவு செய்ய வேண்டும், அதற்கு வங்கியின் ஒத்துழைப்பும் வேண்டும். பலர் இதை விட்டுவிட்டு, பத்து வருஷம் கழித்து மகள் பெயருக்கு எழுதப் போகும்போது வில்லங்கத்தில் பழைய கடன் நிற்பதைப் பார்த்து அலைகிறார்கள். பதிவு முடிந்து இரண்டு வாரம் கழித்து ஆன்லைனில் வில்லங்கச் சான்று ஒன்று போட்டு, ரசீது ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.